நீல அட்டை காருக்கா, ஆளுக்கா?

நல்லூர்த் திருவிழாவுக்கு வெளிநாட்டிலிருந்து ஆட்கள் வந்திறங்கும் நாட்களில், யாழ்ப்பாண வீதிகளில் நிற்கும் வாடகை வான்களின் முன்கண்ணாடிக்குள்ளே சில வேளை ஒரு நீல அட்டை தெரியும். சக்கர நாற்காலிப் படம் போட்டது. லண்டனிலோ ரொறன்ரோவிலோ அம்மாவுக்கோ அப்பாவுக்கோ கொடுத்த வாகனத் தரிப்பிட அனுமதி அட்டை அது. பயணப் பெட்டிக்குள் வைத்துக் கொண்டுவந்திருக்கிறார்கள். இதைப் போட்டால் இங்கே மறிக்கமாட்டார்களா என்று கேட்கிறார்கள். பதில் சின்னது: இலங்கையில் அந்த அட்டைக்குச் சட்ட வலு கிடையாது. பொலிஸ்காரர் வயதானவரைப் பார்த்து மனமிரங்கி விட்டால் விட்டார், அவ்வளவுதான்.

ஆனால் இந்த ஒரு கேள்விக்குப் பின்னால் இன்னும் இரண்டு நிற்கின்றன. பிள்ளைகளிடம் போய்க் குடியேறிவிட்ட தாய் தகப்பனுக்கு அங்கே இந்த அட்டையை எப்படி எடுப்பது, எடுத்த பிறகு எப்படிப் பாவிப்பது என்பது ஒன்று. போரிலும் மிதிவெடியிலும் கால் இழந்தவர்களும், சீனி வருத்தத்தால் கால் எடுத்தவர்களும் இத்தனை பேர் வாழும் நம் ஊரில் ஏன் இப்படி ஒன்று இல்லை என்பது மற்றது. இரண்டுக்கும் விடை ஒரே இடத்தில்தான் இருக்கிறது: இந்த அட்டை வாகனத்துக்குக் கொடுப்பதல்ல, ஆளுக்குக் கொடுப்பது. இது புரிந்தால் வெளிநாட்டு விதிகளில் முக்கால்வாசி மனப்பாடம் பண்ணாமலே விளங்கும். யாழ்ப்பாணத்தில் எதிலிருந்து தொடங்கலாம் என்பதும் விளங்கும்.

முதலில் அந்த இடத்தின் அகலத்தைப் பார்ப்போம். பிரித்தானியாவில் சாதாரணமாக ஒரு கார் நிற்கும் பெட்டி 2.4 மீற்றர் அகலம், 4.8 மீற்றர் நீளம். சக்கர நாற்காலி வரைந்த இடமென்றால் அதன் பக்கத்திலும் பின்னாலும் 1.2 மீற்றர் அகலத்துக்குச் சாய்கோடு போட்ட வெற்றிடம் சேரும். கனடாவின் ஒன்ராறியோ மாகாணத்தில் இரண்டு வகை வைத்திருக்கிறார்கள். சாய்தளம் இறக்கும் வான்களுக்கு 3.4 மீற்றர் அகலமானது ஒன்று, மற்றக் கார்களுக்கு 2.4 மீற்றர் இன்னொன்று; இரண்டுக்கும் அருகில் 1.5 மீற்றர் நடைவழி. கோடு போட்ட அந்த வெறும் துண்டு ஒன்றுக்கும் உதவாத இடம்போலத் தெரியும். உண்மையில் முழு ஏற்பாடும் அதற்காகத்தான். சக்கர நாற்காலியில் இருப்பவர் காரிலிருந்து இறங்க வேண்டுமென்றால் கதவு முழுதாகத் திறக்க வேண்டும், நாற்காலியை இருக்கைக்குப் பக்கத்தில் ஒட்டி வைக்க வேண்டும், பிறகு அவர் கைகளை ஊன்றி உடம்பை ஒரு பக்கத்திலிருந்து மற்றப் பக்கத்துக்கு இழுத்துக்கொள்ள வேண்டும். கதவைக் கால்வாசி திறந்து பக்கவாட்டில் நழுவி இறங்குவது நமக்கு முடியும், அவருக்கு முடியாது. இறங்கும்போது இடம் இருந்து, அவர் உள்ளே போன நேரத்தில் யாராவது வந்து நெருக்கி நிறுத்திவிட்டால் இன்னும் மோசம். நாற்காலியில் இருப்பவர் திரும்பிப் போக வழியில்லாமல் தன் கார்க் கதவுக்கு முன்னாலேயே காத்திருக்க வேண்டியதுதான்.

எல்லாருக்கும் அகலம்தான் தேவை என்றும் இல்லை. இருதய வருத்தம், நுரையீரல் வருத்தம் உள்ளவர் கதவைக் கால்வாசி திறந்தும் இறங்கிவிடுவார். அவருக்கு வாசலுக்கும் வாகனத்துக்கும் இடையிலுள்ள தூரம்தான் பிரச்சினை. முப்பது மீற்றர் நடந்ததும் மூச்சு இழுக்கத் தொடங்கும். ஆக அகலமும் வேண்டும், கிட்டவும் இருக்க வேண்டும். ஒரே பெட்டியில் இந்த இரண்டு தேவையையும் சேர்த்துத் தீர்க்கப் பார்க்கிறார்கள். ஆட்கள் கோபப்படும் இடமும் இதுதான். “நல்லாத்தானே நடந்து போறார், இவருக்கு என்னத்துக்கு அட்டை?” என்று நம்மவர்கள் சூப்பர்மார்க்கெட் வாசலில் முணுமுணுக்கிறார்கள். நடந்த முதல் பத்து மீற்றரைத்தான் அவர்கள் பார்த்தார்கள்.

பிரித்தானியாவில் இந்த ஏற்பாடு 1970ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றிலிருந்து வந்தது. அட்டை அடுத்த வருடம் வந்தது, அப்போது அதன் நிறம் செம்மஞ்சள். ஐரோப்பாவில் பொதுவான வடிவம் ஒன்றுக்கு 1998இல் உடன்பட்ட பிறகு, 2000த்தில் நீலமாக மாறியது. அட்டையிலுள்ள சக்கர நாற்காலிச் சின்னம் அட்டையைவிடச் சில வருடம் மூத்தது. 1968இல் டென்மார்க்கைச் சேர்ந்த வடிவமைப்பு மாணவி சூசான் கோஃபோட் வரைந்தது அது. அவர் வரைந்தபோது உருவத்துக்குத் தலை இருக்கவில்லை, வெறும் நாற்காலிதான். தலையைப் பிறகு சேர்த்தார்கள். நல்ல வேளை சேர்த்தார்கள் என்றுதான் நான் நினைக்கிறேன். எங்கள் ஊரில் இன்றைக்கும் பல பேருக்கு நாற்காலிதான் தெரிகிறது, அதில் இருக்கும் ஆள் தெரிவதில்லை.

எடுப்பது எப்படி

லண்டனில் இருப்பவர் தான் வசிக்கும் இடத்துக் கவுன்சிலுக்கு விண்ணப்பிக்க வேண்டும். இணையத்திலேயே செய்யலாம். படம், அடையாளச் சான்று, முகவரிச் சான்று, தேசியக் காப்புறுதி இலக்கம் ஆகியவை கேட்பார்கள். இங்கிலாந்தில் கட்டணம் 10 பவுணுக்கு மேல் போகாது, ஸ்கொட்லாந்தில் 20 பவுண் வரை, வேல்ஸில் இலவசம். அட்டை பொதுவாக மூன்று வருடம் செல்லும். முடிந்ததும் தானாகப் புதுப்பித்து அனுப்பமாட்டார்கள், திரும்ப விண்ணப்பிக்க வேண்டும். முடிவு வர 12 கிழமை வரை போகலாம் என்பதால் பழையது காலாவதியாகும் மாதத்தில் ஓடித்திரியாமல் முன்கூட்டியே போட்டுவிடுவது புத்தி. நூறு பவுண், இருநூறு பவுண் வாங்கிக்கொண்டு நிரப்பித் தருகிறோம் என்று சொல்லும் இணையத்தளங்களும் இருக்கின்றன. அரச தளத்திலேயே நேரே செய்யக்கூடிய வேலைக்கு அவ்வளவு காசு கொடுக்கத் தேவையில்லை.

சிலருக்குக் கேள்வி கேளாமல் கிடைக்கும். கண்பார்வை முற்றாக இழந்தவராகப் பதிந்தவர்கள், ‘பிப்’ என்று சுருக்கிச் சொல்லும் மாற்றுத்திறனாளி உதவித்தொகையில் நடமாட்டப் பகுதிக்கு 8 புள்ளியோ அதற்கு மேலோ எடுத்தவர்கள் இந்தப் பட்டியலில் வருவார்கள். 50 மீற்றருக்கு மேல் நடக்க முடியாதவர்களுக்குத்தான் அந்த 8 புள்ளி. மற்றவர்களின் விண்ணப்பத்தைக் கவுன்சில் ஆராய்ந்து முடிவெடுக்கும். 2019 ஓகஸ்ட் 30 முதல் இங்கிலாந்தில் வெளியே தெரியாத குறைபாடுகளும் சேர்ந்தன. ஓட்டிசம் உள்ள பிள்ளை கார்க் கதவு திறந்ததும் வீதிக்குள் பாய்ந்துவிடும் என்றால், அந்தக் குடும்பத்துக்கும் இப்போது கேட்க உரிமை இருக்கிறது. தமிழ்க் குடும்பங்களில் இதைக் கேட்கத் தயங்குகிறார்கள். பிள்ளைக்கு இப்படியென்று ஊருக்குத் தெரிந்துவிடுமாம். அட்டையில் வருத்தத்தின் பெயர் எங்கேயும் எழுதப்படுவதில்லை. பிள்ளையின் படம்கூட மறுபக்கத்தில், கீழ்நோக்கித்தான் இருக்கும்.

ஒன்ராறியோவில் வழி கொஞ்சம் சுலபம். கட்டணம் இல்லை. படிவத்தின் ஒரு பகுதியை விண்ணப்பதாரரும் மற்றப் பகுதியை வைத்தியரும் நிரப்ப வேண்டும். குடும்ப வைத்தியர்தான் வேண்டுமென்றும் இல்லை, உடற்பயிற்சிச் சிகிச்சையாளர், தொழிற்சிகிச்சையாளர், சிறப்புத் தகுதி பெற்ற தாதியர் போன்றவர்களும் கையெழுத்து வைக்கலாம். பிறகு சேர்விஸ் ஒன்ராறியோ நிலையத்தில் கொடுக்க வேண்டும். 200 மீற்றர் பெரும் சிரமமோ உடலுக்கு ஆபத்தோ இல்லாமல் நடக்க முடியாதது, துணையோ பொல்லோ இல்லாமல் நடக்க முடியாதது, ஒட்சிசன் குழாயோடு திரிவது, இருதய வருத்தம் முற்றியிருப்பது, பார்வை மிகக் குறைந்திருப்பது என்று தகுதிகள் போகும். நிரந்தர அட்டை நீலம், ஐந்து வருடம் செல்லும். முழங்கால் சத்திரசிகிச்சை செய்து சில மாதம் நொண்டுகிறவருக்குத் தற்காலிக அட்டை, அது சிவப்பு. இந்தச் சிவப்பு அட்டை இருப்பதே பல பேருக்குத் தெரியாது. மாமிக்கு இடுப்பு எலும்பு மாற்றி, மருமகன் ஒவ்வொரு கிளினிக்குக்கும் தூரத்தில் காரை விட்டுவிட்டுக் கைத்தாங்கலாகக் கூட்டிக்கொண்டு போவார். மாமி நன்றாக நடக்கத் தொடங்கிய பிறகுதான் யாராவது வந்து, அட்டை எடுத்திருக்கலாமே என்பார்கள்.

பிரான்சில் இருப்பவர் மாற்றுத்திறனாளிகளுக்கான மாவட்ட அலுவலகத்துக்கு (எம்டிபிஎச்) விண்ணப்பிக்க வேண்டும். 2017 முதல் அட்டை கடன் அட்டை அளவில் வருகிறது. 2015ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பிறகு பொதுவீதித் தரிப்பிடங்களில் அட்டை உள்ளவர் காசு கட்டத் தேவையில்லை, ஆனால் நகரசபை நேர வரையறை வைக்கலாம். அட்டையில்லாமல் அந்த இடத்தில் நிறுத்தினால் 135 யூரோ தண்டம். ஜேர்மனியில் ஒரு பொறி இருக்கிறது. கடும் மாற்றுத்திறனாளி என்ற அடையாள அட்டை கிடைத்ததும் நம்மவர்கள் அதைக் கார் முகப்பில் வைத்துவிடுகிறார்கள், அது போதாது. அந்த அடையாள அட்டையில், நடக்கும் வலு மிகக் குறைந்தவர் என்பதற்கான ‘ஏஜி’ குறியோ பார்வையற்றவர் என்பதற்கான குறியோ இருந்தால்தான் நீலத் தரிப்பிட அட்டையைத் தனியாகக் கேட்டு எடுக்கலாம்.

படிவத்தைவிடப் பெரிய தடை ஒன்று இருக்கிறது, அது எங்களுடைய சொந்தத் தயாரிப்பு. யாழ்ப்பாணத்து ஐயாமார் வைத்தியருக்கு முன்னால் இயலாது என்று சொல்லமாட்டார்கள். “எவ்வளவு தூரம் நடப்பீர்கள்?” என்று கேட்டால், “கோயிலுக்குப் போய்வருவன்” என்பார். கோயில் அரை மைல். வழியில் இரண்டு மதிலில் சாய்ந்து நின்றதையும், கடைசி வளைவில் மகள் கையைப் பிடித்ததையும், வந்து மத்தியானம் முழுக்கப் படுத்ததையும் சொல்லமாட்டார். எழுதுகிறவர் அரை மைல் நடப்பார் என்று எழுதுவார். விண்ணப்பம் திரும்பி வரும். வீட்டில் எல்லாரும் கவுன்சிலைத் திட்டுவார்கள். அங்கே கேட்பது மொத்தத் தூரத்தை அல்ல. நிற்காமல், நோவில்லாமல், விழும் பயம் இல்லாமல், சாதாரண வேகத்தில், திரும்பத் திரும்ப எவ்வளவு நடக்கலாம் என்பதைத்தான். பக்கத்தில் இருக்கும் பிள்ளை அப்பாவின் மானத்தைக் காப்பதற்காகத் தலையாட்டிக்கொண்டிருக்கக் கூடாது. மொழிபெயர்க்கப் போகிறவரும் அப்படித்தான்: “சமாளிப்பன்” என்று ஐயா சொன்னால், எப்படிச் சமாளிக்கிறார் என்பதையும் கேட்டுச் சொல்ல வேண்டும். மிகைப்படுத்தச் சொல்லவில்லை, பொய்யும் வேண்டாம். சுகமான நாளை மட்டும் சொல்லிவிட்டு வருத்தமான நாளை மறைப்பதும் பிழையான தகவல்தான்.

நடைமுறை வழி ஒன்று: விண்ணப்பிக்க முன் ஒரு கிழமை குறித்து வையுங்கள். வாசலிலிருந்து எந்த வீட்டுப் படலை வரை நின்றுவிடாமல் போனார், எங்கே இருந்தார், இரவு என்ன குளிசை போட்டார் என்று. மருந்துச் சிட்டை, கிளினிக் கடிதம், சத்திரசிகிச்சைக் குறிப்பு எல்லாவற்றின் பிரதியும் சேர்த்துக் கொடுங்கள். யாழ்ப்பாணத்தில் செய்த சிகிச்சையின் பழைய நோய்நிர்ணய அட்டையும் உதவும். பிள்ளைகளிடம் குடியேறப் போகும்போது அதை வீட்டில் விட்டுவிட்டுப் போகிறவர்கள்தான் அதிகம்.

பாவிப்பது எப்படி

ஆளுக்குரியது என்று சொன்னேனே, அதன் பலன் இங்கேதான் தெரியும். அட்டைக்காரர் தானே ஓட்டத் தேவையில்லை, அவருக்குச் சொந்தமாகக் கார் இருக்கவும் தேவையில்லை. மகனின் கார், பக்கத்து வீட்டுக்காரரின் வான், டாக்சி, எதில் ஏறினாலும் அட்டை அவரோடு ஏறும். அவர் இறங்கிவிட்டால் அட்டையும் இறங்கிவிட வேண்டும். அப்பா வீட்டில் நித்திரை, மகன் அப்பாவின் அட்டையைப் போட்டுக்கொண்டு கடைக்குப் போகிறார் என்றால் அது குற்றம். அப்பாவுக்கு மருந்து வாங்கத்தான் போனேன் என்பதும் எடுபடாது. இங்கிலாந்தில் இதற்கு 1,000 பவுண் வரை தண்டம் உண்டு. ஒன்ராறியோவில் 300 டொலரில் தொடங்கி 5,000 டொலர் வரை போகும். அட்டையையும் பறிப்பார்கள். அப்போது மகனைவிட அப்பாதான் மாட்டிக்கொள்கிறார்.

அப்பா காருக்குள்ளேயே இருக்க, மற்றவர்கள் இறங்கிப் போய் உடுப்பு வாங்கிக்கொண்டு வருவதும் நடக்கிறது. பிரித்தானியாவில் இதைக் குற்றம் என்று சொல்வதில்லை, ஆனால் இறங்கப்போவதில்லை என்றால் அந்த இடத்தை எடுக்காமல் வேறிடத்தில் நிறுத்துங்கள் என்றுதான் வழிகாட்டி சொல்கிறது. சரியான பேச்சு. அகலமும் குறைந்த தூரமும் தேவைப்படுவது இறங்குகிற உடம்புக்கு. இறங்காத உடம்புக்கு எந்த இடமும் ஒன்றுதான்.

இங்கிலாந்திலும் வேல்ஸிலும், நிறுத்தத் தடையென்று போட்ட மஞ்சள் கோட்டில்கூட மூன்று மணி நேரம் வரை அட்டையோடு நிறுத்தலாம், பொருள் ஏற்றி இறக்கத் தடையுள்ள இடமாக இல்லாவிட்டால். அதற்கு அட்டையோடு தந்த நேரவட்டில் வந்த நேரத்தைக் காட்டி வைக்க வேண்டும். அட்டையின் படமுள்ள பக்கம் கீழே, இலக்கமும் காலாவதித் திகதியும் வெளியிலிருந்து தெரியும்படி மேலே. தலைகீழாக வைத்துவிட்டுப் போய்த் தண்டச் சீட்டு வாங்குகிறவர்கள் ஏராளம். மத்திய லண்டனில் வெஸ்ட்மினிஸ்டர், சிற்றி, கென்சிங்ரன்-செல்சி, கம்டனின் ஒரு பகுதி ஆகிய இடங்களில் தனி விதி. மஞ்சள் கோட்டுச் சலுகை அங்கே செல்லாது. சூப்பர்மார்க்கெட் வளவு தனியார் நிலம் என்பதால் அங்கேயும் அந்தந்த நிறுவனத்தின் விதிதான். மத்திய லண்டனுக்குள் காரோட்டக் கட்டும் நெரிசல் கட்டணத்திலிருந்து விலக்கும், அட்டை இருந்தால் தானாக வந்துவிடாது; லண்டன் போக்குவரத்து நிறுவனத்தில் (TfL) 10 பவுண் கட்டித் தனியாகப் பதிய வேண்டும். பதியாமல் ஓடிவிட்டு, அட்டை இருந்ததே என்று வாதாடிப் பயனில்லை.

நிழற்பிரதி எடுத்து இரண்டாவது காரில் வைப்பதை நம்மவர்கள் சாமர்த்தியம் என்று நினைக்கிறார்கள். மூல அட்டை மட்டும்தான் செல்லும். அட்டை களவு போகும் பொருள் என்பதையும் மறக்க வேண்டாம், லண்டனில் அதற்காகவே கார்க் கண்ணாடியை உடைக்கிறார்கள். தேவையில்லாத நேரத்தில் காருக்குள் விட்டு வைக்காதீர்கள். அட்டைக்காரர் இறந்துவிட்டால் திருப்பி அனுப்ப வேண்டும். எட்டுச்செலவு, அந்தியேட்டி, முப்பத்தொன்று என்று ஓடும் வீட்டில் இது நினைவில் நிற்காது என்பது உண்மைதான், ஆனால் மாதக்கணக்கில் முகப்பில் கிடந்து, யாரோ ஒருவர் ‘இன்றைக்கு மட்டும்’ என்று பாவித்துப் பிடிபடுவதும் அப்படித்தான் தொடங்குகிறது. கனடா அட்டையை அமெரிக்காவிலும் மதிப்பார்கள். ஐரோப்பாவில் லண்டன் அட்டையை எல்லா நாடும் ஒரே மாதிரி ஏற்பதில்லை, பாரிசுக்கோ சூரிச்சுக்கோ கலியாண வீட்டுக்குக் காரில் போகுமுன் பார்த்துவிட்டுப் போவது நல்லது.

சரி, யாழ்ப்பாணம்?

இங்கே நாடு முழுக்கச் செல்லும் அப்படி ஒரு அட்டை நடைமுறையில் இல்லை. சட்டம் இல்லையென்று இல்லை. 1996ஆம் ஆண்டின் 28ஆம் இலக்கச் சட்டம், பொதுமக்கள் போகக்கூடிய எந்தக் கட்டடத்துக்கோ இடத்துக்கோ போவதில் குறைபாட்டைக் காரணம் காட்டித் தடை போடக் கூடாது என்கிறது. 2006 ஒக்டோபரில் அணுகல் வசதி ஒழுங்குவிதிகள் வர்த்தமானியில் வந்தன. சக்கர நாற்காலியில் வாழ்ந்த அஜித் பெரேரா உயர் நீதிமன்றத்துக்குப் போய், 2009 ஏப்ரல் 27இல் புதிய பொதுக் கட்டடங்கள் அந்த விதிகளின்படிதான் அமைய வேண்டும் என்ற கட்டளையை வாங்கினார். 2016 பெப்ரவரியில் இலங்கை மாற்றுத்திறனாளிகள் உரிமைகளுக்கான ஐ.நா. சமவாயத்தை ஏற்றுக்கொண்டது. 2012 குடிசன மதிப்பீட்டின்படி ஐந்து வயதுக்கு மேற்பட்டோரில் 8.7 வீதம் பேருக்கு ஏதோ ஒரு குறைபாடு இருக்கிறது, அதாவது 16 இலட்சம் பேர் அளவில். தாளில் எல்லாம் இருக்கிறது. ஆனால் இந்த விதிகளின் கண் கட்டடத்தில் இருக்கிறது, வீதி விளிம்பில் இல்லை. சாய்தளம் கட்டிவிட்டார்கள், அந்தச் சாய்தளத்தின் அடி வரை வருவது எப்படி என்று யாரும் கேட்கவில்லை.

வைத்தியசாலை வீதியிலோ கஸ்தூரியார் வீதியிலோ ஒரு வேலைநாள் காலை பத்து மணிக்கு நின்று பார்த்தால் தெரியும். கார்களைவிட மோட்டார் சைக்கிள்கள்தான் பிரச்சினை. இரண்டடி வெற்றிடம் கண்டால் அதில் ஒரு மோட்டார் சைக்கிள் நிற்கும். வங்கி வாசலில் கட்டிய சாய்தளத்தின் முன்னால் வரிசையாக ஆறு நிற்கும், கைபிடிக் கம்பியில் தலைக்கவசம் தொங்கும். நிறுத்தியவர்கள் கெட்டவர்கள் இல்லை. “அஞ்சு நிமிசம் அண்ணை, இந்தா வந்திட்டன்” என்பவர்கள்தான். ஒவ்வொருவரும் ஐந்து நிமிடம், ஆனால் இடம் நாள் முழுக்க அடைபட்டிருக்கும். லண்டனில் கோடு போட்ட அந்த வெறும் துண்டை இங்கே அப்படியே வரைந்தால் அடுத்த நாளே அது மோட்டார் சைக்கிள் தரிப்பிடமாகிவிடும். அதனால் இங்கே கோடு மட்டும் போதாது, மோட்டார் சைக்கிளை நிறுத்த வசதிப்படாத, சக்கர நாற்காலி நுழையக்கூடிய தடுப்புத் தூண்கள் வேண்டும். தூண்களுக்கு நடுவே 90 சென்ரிமீற்றர் விட்டால் நாற்காலி போகும். மோட்டார் சைக்கிளும் போகும் என்பது உண்மைதான், ஆனால் நுழைத்துத் திருப்பி நிறுத்த வசதிப்படாது. ஒரு வாசல் காவலாளியும் இருந்தால் முழுதாகத் தீரும். காவலாளி இல்லாத அரச அலுவலகமும் வங்கியும் இங்கே குறைவுதானே.

இன்னொன்று, இங்கே குறைபாடு உள்ளவர்களில் கார் வைத்திருப்பவர்கள் கொஞ்சப் பேர். ஓட்டோவில் வருகிறவர்களும், பக்கச் சில்லுப் பூட்டிய ஸ்கூட்டரில் வருகிறவர்களும், கையால் சுற்றும் முச்சில்லு வண்டியில் வருகிறவர்களும்தான் அதிகம். ஜெய்ப்பூர் நிறுவனத்துக்குச் செயற்கைக் கால் திருத்த வருகிறவர் ஊரிலிருந்து பஸ்ஸில் வந்து, பஸ் நிலையத்தில் ஓட்டோ பிடிக்கிறார். லண்டன் அட்டையைப் பார்த்துக் கார்களுக்கு ஒரு ஸ்டிக்கர் அடித்துக் கொடுத்தால், அது கிடைப்பது கார் வைத்திருக்கும் ஒரு சிறு கூட்டத்துக்குத்தான், பிறகு அந்த ஸ்டிக்கர் எந்தெந்தக் கார்களில் போய் ஒட்டும் என்பதை இந்த ஊரில் யாருக்கும் விளக்கத் தேவையில்லை. ஆளுக்குக் கொடுக்கும் அட்டை என்றால் கதை வேறு. அவர் ஏறிய ஓட்டோவுக்கு அந்த நேரம் மட்டும் வாசல் வரை வர உரிமை. இறக்கிவிட்டதும் ஓட்டோ போய்விடும், இடமும் உடனே காலியாகும். நாள் முழுக்கக் கார் நிற்கும் ஒரு பெட்டியைவிடப் பத்து நிமிடம் நின்று இறக்கி ஏற்றும் ஓர் அகலமான இடம் யாழ்ப்பாணத்துக்குக் கூடுதலாக உதவும் என்பது என் அபிப்பிராயம்.

யார் கொடுப்பது? புதிதாக ஒரு திணைக்களம் வேண்டியதில்லை. பிரதேச செயலகங்களில் சமூக சேவை உத்தியோகத்தர்கள் இருக்கிறார்கள், மாதாந்தக் கொடுப்பனவுக்காக வைத்திய சான்றிதழோடு ஆட்களைப் பதிந்தும் வைத்திருக்கிறார்கள். கிராம அலுவலருக்கு எந்த வீட்டில் யார் படுக்கையில் என்பது தெரியும். அந்தப் பதிவிலிருந்தே படம் போட்ட அட்டை ஒன்று அச்சடிக்கலாம். கஷ்டம் மறுபக்கத்தில்தான்: அட்டையை மதிக்கும் வீதி யாருடையது? கண்டி வீதி, வீதி அபிவிருத்தி அதிகார சபையின் கையில், வேறு சில மாகாணத்தின் கையில், ஒழுங்கைகள் மாநகர சபையின் கையில், தண்டம் எழுதுவது பொலிஸ். நாலு பேரும் ஒரு மேசையில் இருக்காமல் நீல நிறத் தீந்தை மட்டும் பூசினால் மழைக்கு முதல் அது அழிந்துவிடும்.

நல்லூர் ஒரு நல்ல பரீட்சைக் களம். 25 நாள் திருவிழாவில் கோயிலைச் சுற்றி வீதிகளை மறித்துவிடுவார்கள், மறிக்கத்தான் வேண்டும், தேர் நாளில் நிற்கவே இடமிருக்காது. ஆனால் மறிப்பு என்றால் எல்லாருக்கும் ஒரே மறிப்பு. பொல்லு ஊன்றி வரும் ஆச்சியும் இருபது வயதுப் பெடியனும் ஒரே தூரம் நடக்க வேண்டும். அந்த 25 நாளுக்கு மட்டும், ஏதாவது ஒரு வழியால், ஆளுக்குரிய தற்காலிக அட்டையோடு வரும் ஓட்டோவை வெளிவீதி விளிம்பு வரை விட்டு இறக்கித் திருப்பி அனுப்பினால் என்ன? தேர், தீர்த்தம் போன்ற நெரிசல் நாட்களை விட்டுவிடலாம். கள்ள அட்டை வருமா என்றால் வரும். வெளிநாட்டிலும் வருகிறது. அதற்குத்தான் அட்டையில் படம், அதற்குத்தான் ஆள் வாகனத்துக்குள் இருக்கிறாரா என்று குனிந்து பார்ப்பது.

அதுவரை செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. உங்கள் வீட்டில் நடக்க முடியாத ஒருவர் அடிக்கடி போகும் ஓர் இடத்தை, கிளினிக்கோ வங்கியோ பிரதேச செயலகமோ, தெரிவு செய்து மாநகர சபை ஆணையாளருக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். பிரதி அந்த இடத்து முகாமையாளருக்கும் பொலிஸ் போக்குவரத்துப் பிரிவுக்கும். “வசதி செய்து தரவும்” என்று பொதுவாக எழுதினால் “ஆவன செய்யப்படும்” என்று பொதுவாகப் பதில் வரும். 3.6 மீற்றர் அகலம், 4.8 மீற்றர் நீளம், சாய்தளத்துக்கு நேரே, ஏற்றி இறக்க மட்டும், இரண்டு தடுப்புத் தூண் என்று அளவோடு கேளுங்கள். 1996ஆம் ஆண்டுச் சட்டத்தின் இலக்கத்தைக் குறிப்பிடுங்கள். பதில் வராவிட்டால் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு யாழ்ப்பாணத்திலேயே பிராந்திய அலுவலகம் இருக்கிறது, அங்கே முறைப்பாடு செய்யலாம். கடிதத்தோடு, சாய்தளத்தின் முன்னால் மோட்டார் சைக்கிள்கள் நிற்கும்போது குறுக்கே அளவுநாடா பிடித்து எடுத்த படம் ஒன்றையும் வையுங்கள். வாகன இலக்கத் தகடுகளை மறைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் கடிதம் யாரோ ஒருவரின் மோட்டார் சைக்கிளைப் பற்றிய சண்டையாக மாறிவிடும்.